ரோமானியக் காசு: பூவா, தலையா, எழுத்தா?

ரோமப் பேரரசுக் காசுகளைப் பற்றி வந்த கேள்விகளில் சிலவற்றுக்கு இங்கே பதில் சொல்கிறேன். ஒரே மாதிரியானவற்றைச் சேர்த்துவிட்டேன். விலை கேட்டவர்கள் மன்னிக்கவும், அந்த ஜோசியம் எனக்கு வராது.

கேள்வி: சார், தலை தேய்ந்துபோய் இருக்கிறது. எந்தப் பேரரசர் என்று எப்படிக் கண்டுபிடிப்பது?

முகத்தைக் கடைசியில் பாருங்கள். முதலில் எடை, அப்புறம் எழுத்து. பக்கவாட்டில் வெளிச்சம் விழும்படி காசைச் சாய்த்துப் பிடித்தால், நேராகப் பார்க்கையில் தெரியாத எழுத்தும் தலைகாட்டும். 'யு' எழுத்தைத் தேட வேண்டாம். ரோமர்கள் அதற்கும் 'வி'யைத்தான் போட்டார்கள். 'ஏவிஜி' என்று படித்தவுடன் அகஸ்டஸ் காசு கிடைத்துவிட்டது என்று குதிக்காதவர் குறைவு, நானும் குதித்திருக்கிறேன். அது பட்டம், ஏறக்குறைய எல்லாப் பேரரசரும் போட்டுக்கொண்டார்கள். 'ஐஎம்பி', 'சிஏஇஎஸ்' இரண்டும் அப்படித்தான். இவற்றைக் கழித்து மிஞ்சுவதில்தான் பெயர் இருக்கும்.

'டிஆர்பி' என்று இருந்தால் அதிர்ஷ்டம். டிவிக்காரர்களின் டிஆர்பி இல்லை. மக்கள் தலைவர் என்ற முறையில் பேரரசர் ஆண்டுதோறும் புதுப்பித்துக்கொண்ட அதிகாரம். பக்கத்தில் உள்ள எண், எத்தனையாவது ஆண்டு என்று சொல்லிவிடும். மார்க்கஸ் அரேலியஸ் காசில் அது 20 என்றால், 165 டிசம்பருக்கும் 166 டிசம்பருக்கும் இடையில் அடித்தது.

எழுத்தே இல்லையென்றால் முகவாயைப் பாருங்கள். முழுத் தாடி இருந்தால் பெரும்பாலும் ஹாட்ரியன் (117–138) அல்லது அவருக்குப் பின் வந்தவர். கான்ஸ்டன்டைன் காலத்தில் மறுபடி மழித்த முகம் வந்துவிடுகிறது.

கேள்வி: டைபீரியஸ் வெள்ளிக்காசு ஒன்று வாங்கலாம் என்று இருக்கிறேன். பூ பக்கம் ஒரு பெண் உட்கார்ந்திருக்கிறாள். அசலா?

பைபிளில் 'இராயனுடையதை இராயனுக்கு' என்று வருகிறதே, அந்தக் காசு இதுதான் என்று சொல்லிச் சொல்லியே இதற்குக் கிராக்கி ஏறிவிட்டது. கிராக்கி உள்ள இடத்தில் போலியும் உண்டு. நல்ல டெனாரியஸ் (இந்த ரோமானிய வெள்ளிக்காசின் பெயர்) 3.5 முதல் 3.9 கிராம் வரை இருக்கும், தேய்ந்தது கொஞ்சம் குறையும். விளிம்பை லென்ஸ் வைத்துச் சுற்றிப் பாருங்கள். ஒட்டுக்கோடு ஓடினால் அச்சில் அடித்ததல்ல, வார்த்தது. குண்டூசித் தலை அளவில் குமிழிப் பள்ளங்களும், கரைந்த சோப்பு போல மழுங்கிய எழுத்தும் அதற்கு உடந்தை. காந்தத்தில் ஒட்டினால் பேச்சே வேண்டாம்.

ஒரு விதிவிலக்கு உண்டு. வெள்ளி உரிந்து உள்ளே செம்பு தெரிந்தால் உடனே தூக்கிப் போடாதீர்கள். ரோமர் காலத்திலேயே செம்பின் மேல் வெள்ளிப் பூச்சு போட்டு ஏமாற்றியிருக்கிறார்கள். அது 2000 வருடப் பழைய போலி!

கேள்வி: தலையில் முள்முள்ளாகக் கிரீடம், வெள்ளி மாதிரியும் இல்லை, செம்பு மாதிரியும் இல்லை. என்ன இது?

அன்டோனினியானஸ் என்ற காசு வகை. 215-இல் பேரரசர் கராகல்லா தொடங்கியது. முதலில் பாதியளவு வெள்ளி. 270 வாக்கில் பெயருக்குத்தான் வெள்ளி.

கேள்வி: அருங்காட்சியகத்தில் பார்த்த பொற்காசுகளில் முகத்தின் குறுக்கே வெட்டு இருந்தது. தங்கமா என்று சோதித்தார்களா?

1898-இல் புதுக்கோட்டைப் பகுதியில் கிடைத்த 501 பொற்காசுகளில் பெரும்பாலானவை இப்படி உளியால் வெட்டப்பட்டவை. சோதனைதான் நோக்கம் என்றால் விளிம்பில் ஒரு கீறல் போதுமே. தேடிப் பிடித்து முகத்திலேயே ஏன் வெட்ட வேண்டும்? இனி இது காசு இல்லை, வெறும் பொன் என்று செல்லாததாக்கினார்கள் என்ற விளக்கமே எனக்குச் சரியாகப் படுகிறது. நம் ஊரில் ரோமானியப் பொன்னுக்கு மதிப்பு எடையில்தான். 64-இல் நீரோ காசின் எடையைக் குறைத்தார், வெள்ளியின் தரத்தையும் குறைத்தார். இங்கே கிடைக்கும் வெள்ளிப் புதையல்களில் அவருக்கு முந்தைய அகஸ்டஸ், டைபீரியஸ் காசுகளே மலிந்திருப்பதைப் பார்த்தால் நம் வணிகர்கள் லேசுப்பட்டவர்கள் இல்லை என்று தோன்றுகிறது.

கேள்வி: அமராவதி ஆற்றுக் காசு என்று கரூரில் ஒரு நண்பர் தந்தார். பச்சையாக இருக்கிறது. புளி போட்டுத் தேய்க்கலாமா?

ஐயோ, வேண்டாம். குத்துவிளக்குக்குச் செய்வதைக் காசுக்குச் செய்யாதீர்கள். ஓநாயிடம் இரட்டைக் குழந்தைகள் பால் குடிக்கும் காசு ஒன்றை ஒருமுறை எலுமிச்சைச் சாற்றில் போட்டேன். காலையில் ரோஜா நிறத்தில் வழவழ வில்லை ஒன்று கிடந்தது. ஓநாயும் இல்லை, குழந்தையும் இல்லை. அழுத்தமான களிம்பில்தான் உருவமே இருக்கிறது. காய்ச்சி வடித்த நீரில் ஊற வைத்து, மூங்கில் குச்சியால் மண்ணை மட்டும் நெருடி எடுங்கள். தொட்டால் உதிரும் வெளிர்பச்சைத் தூள் என்றால் அது வேறு, உப்பும் ஈரமும் சேர்ந்த நோய். அந்தக் காசை உலர்ந்த டப்பாவில் தனியே வையுங்கள்.

சுத்தமானதும் பூ பக்கம் பாருங்கள். இரண்டு வீரர்களுக்கு நடுவே இரண்டு கொடிகள் என்றால் ஏறக்குறைய 330–335, ஒரே கொடி என்றால் அதற்குப் பின். அடியில் 'ஏஎன்டி' இருந்தால் அந்தியோகியா, 'ஏஎல்இ' என்றால் அலெக்சாந்திரியா அக்கசாலை (காசு அடிக்கும் இடம்).

கேள்வி: எங்கள் காட்டில் உழும்போது கிடைத்தால் எனக்குத்தானே சொந்தம்?

இல்லை. 1878-ஆம் ஆண்டுப் புதையல் சட்டப்படி 10 ரூபாய்க்கு மேல் மதிப்புள்ள எந்தப் புதையலையும் ஆட்சியருக்குத் தெரிவிக்க வேண்டும். பானையோடு கிடைத்தால் பானையையும் கொடுங்கள்.