மேஜர் லீகில் ஒரு பந்தைக்கூடச் சந்திக்காத மேனேஜர்

கேள்வி: பேஸ்பால் அணிக்கு மேனேஜராக வருபவர் தம் காலத்தில் பெரிய ஆட்டக்காரராக இருந்திருக்க வேண்டும் என்றே நினைத்திருந்தேன். அமெரிக்காவின் உச்ச மட்டப் போட்டியான மேஜர் லீகில் ஓர் ஆட்டம்கூட ஆடாதவர்களும் அந்தப் பதவிக்கு வந்திருக்கிறார்களாமே? (கும்பகோணத்திலிருந்து ஒரு வாசகர்)

பதில்: வந்திருக்கிறார்கள், அப்படி வந்தவர்கள் ஒருவர் இருவர் அல்லர். நியூயார்க் யாங்கீஸ் அணிக்கு ஏழு முறை மேஜர் லீகின் இறுதிப் போட்டியான வேர்ல்டு சீரிஸ் பட்டம் வாங்கித் தந்த ஜோ மெக்கார்த்தி மேஜர் லீகில் ஆடியதே இல்லை. 1997-இல் ஃபுளோரிடா மார்லின்ஸை வெல்ல வைத்த ஜிம் லேலண்ட், டெட்ராய்ட் டைகர்ஸின் கிளை அணிகளில் கேட்சராக இருந்ததோடு சரி. 1977-இல் அட்லாண்டா பிரேவ்ஸில் சேர்ந்த பிரையன் ஸ்னிட்கர், அந்த அணிக்கு மேனேஜராவதற்கு 2016 வரை காத்திருந்து, 2021-இல் பட்டம் வென்றார். இவர்களுள் ஒருவரை மட்டும் விரிவாகச் சொல்லச் சொன்னால் நான் பால்டிமோர் ஓரியோல்ஸ் அணியின் மேனேஜராக இருந்த ஏர்ல் வீவரைத்தான் சொல்வேன்.

கிரிக்கெட் பார்த்துப் பழகியவர்களுக்காக ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். கிரிக்கெட்டில் களத்திலுள்ள கேப்டன் எடுக்கும் முடிவுகளையெல்லாம் பேஸ்பாலில் மேனேஜர்தான் எடுக்கிறார். பேட்டிங் வரிசை, பந்தெறியும் பிட்சரை மாற்றும் நேரம், மாற்று ஆட்டக்காரரை இறக்குவது ஆகிய அனைத்தும் அவர் பொறுப்பு. ஆட்டக்காரர்களைப் போலவே சீருடை அணிந்து, மைதானத்தின் ஓரத்திலேயே அவர் உட்கார்ந்திருப்பார்.

கேள்வி: ஏர்ல் வீவர் ஏன் ஆட்டக்காரராக மேலே வரவில்லை? திறமை இல்லையா, வாய்ப்பு இல்லையா? (திருநெல்வேலியிலிருந்து ஒரு வாசகி)

பதில்: இரண்டும் கொஞ்சம் கொஞ்சம் என்பதே நியாயமான விடை. 1930-இல் செயின்ட் லூயிஸ் நகரத்தில் பிறந்த வீவரின் தந்தை சலவைத் தொழில் செய்தவர். உள்ளூர் மேஜர் லீக் அணிகளின் சீருடைகள் அவருடைய கடைக்குத்தான் வெளுக்க வந்தன. அந்தச் சீருடைகளைப் பார்த்து வளர்ந்த பையன், 1948-இல் தம் ஊரின் கார்டினல்ஸ் அணியுடனேயே ஒப்பந்தம் செய்துகொண்டு, மேஜர் லீகுக்கு ஆட்களைத் தயார்செய்யும் மைனர் லீகின் அடித்தட்டான டி பிரிவில், இல்லினாய் மாநிலத்து வெஸ்ட் ஃபிராங்க்ஃபர்ட் அணியில் செகண்ட் பேஸ் என்னும் இடத்தைக் காக்கும் ஆட்டக்காரராகச் சேர்ந்தார். 1949-இல் மட்டும் 59 மைனர் லீகுகள் இயங்கின என்றால், ஒரே கனவுடன் எத்தனை இளைஞர்கள் அந்த ஏணியில் நின்றிருப்பார்கள் என்று எண்ணிப் பாருங்கள்.

வீவர் ஐந்தடி ஏழங்குல உயரம்; வேகமும் சுமார், அடியின் பலமும் சுமார். சளைக்காமல் ஆடி, ஒவ்வொரு படியாக ஏறி, 1952 வசந்தகாலப் பயிற்சியில் கார்டினல்ஸின் முதன்மை அணியோடு சேர்ந்து பயிலும் இடம் வரைக்கும் வந்துவிட்டார். அங்கே செகண்ட் பேஸில் நின்றுகொண்டிருந்தவரோ ரெட் ஷேண்டின்ஸ்ட் என்ற முதல்தர ஆட்டக்காரர். அது போதாதென்று, அந்த ஆண்டு புதிதாகப் பொறுப்பேற்ற எடி ஸ்டாங்கி, தாமும் ஆடிக்கொண்டே மேனேஜர் பணியையும் பார்த்தவர். அவருக்கும் அதே இடம்தான். வீவர் கீழே அனுப்பப்பட்டார். பிறகு அந்த வாசல் திறக்கவே இல்லை.

கேள்வி: மைனர் லீகில் மேனேஜராக இருந்து அப்படி என்னதான் கற்றுக்கொள்ள முடியும்? (கோவையிலிருந்து ஒரு வாசகர்)

பதில்: 1956-இல் டென்னசி மாநிலத்து நாக்ஸ்வில் அணியில், ஆட்டக்காரராக இருந்துகொண்டே மேனேஜர் பொறுப்பையும் ஏற்றார் வீவர். மறு ஆண்டு பால்டிமோர் ஓரியோல்ஸ் நிறுவனத்துக்கு மாறி, ஜார்ஜியாவின் ஃபிட்ஸ்ஜெரால்ட் என்னும் சிற்றூரில் தொடங்கி, அபர்டீன், எல்மைரா, ராசெஸ்டர் என்று 1967 வரை, நாக்ஸ்வில்லையும் சேர்த்துப் பன்னிரண்டு சீசன்களை மைனர் லீகிலேயே மேனேஜராகக் கழித்தார். அங்கே வெற்றி தோல்வி இரண்டாம் பட்சம். எந்தப் பையன் மேலே போவான், எவனை வீட்டுக்கு அனுப்ப வேண்டும் என்று தாய் அணிக்கு எழுதி அனுப்புவதே முதல் வேலை. தாம் ஏன் கீழே அனுப்பப்பட்டோம் என்பதை அறிந்த ஒருவர் அந்த அறிக்கைகளை எழுதினார் என்பதுதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது.

1962-இல் எல்மைராவில் நடந்ததைப் பாருங்கள். ஸ்டீவ் டால்கோவ்ஸ்கி என்ற இடக்கை பிட்சர் அங்கே இருந்தார். அவரைவிட வேகமாகப் பந்தெறிந்தவரைக் கண்டதில்லை என்று பலர் சொன்னார்கள். ஆனால் பந்து எங்கே போகும் என்பது அவருக்கே தெரியாது. 1960-இல் கலிஃபோர்னியாவின் ஸ்டாக்டன் அணிக்காக 170 இன்னிங்ஸில் 262 பேரைப் பந்தை அடிக்கவிடாமலே அவுட்டாக்கிய (ஸ்டிரைக் அவுட்) அவர், சரியாக 262 பேருக்கு ‘வாக்’ (walk) கொடுத்தும் இருந்தார். அதாவது, குறி தவறிய நான்கு பந்துகளால் அத்தனை பேரையும் இலவசமாக முதல் பேஸுக்கு அனுப்பியிருந்தார். வந்துபோன பயிற்சியாளர்கள் எல்லோரும் ஆளுக்கொரு யோசனை சொல்லிக் கொடுத்து, பையனைக் குழப்பியிருந்தார்கள். வீவர் தம் ஆட்டக்காரர்களுக்கு ஓர் அறிவுத்திறன் தேர்வு வைத்துப் பார்த்தார். டால்கோவ்ஸ்கியின் மதிப்பெண் மிகக் குறைவாக வந்ததும், கற்றுக்கொடுப்பதை நிறுத்துவதே அவருக்குச் செய்யும் உதவி என்று முடிவு செய்தார். ஃபாஸ்ட்பால் (வேகப்பந்து), ஸ்லைடர் (பக்கவாட்டில் விலகும் பந்து) ஆகிய இரண்டை மட்டும் எறி, வேறு எதையும் நினைக்காதே என்பதே கட்டளை. அந்த ஆண்டு டால்கோவ்ஸ்கி, தம் வாழ்க்கையில் முதல் முறையாக, இன்னிங்ஸுக்கு ஒன்றுக்கும் குறைவான ‘வாக்’ கணக்கோடு சீசனை முடித்தார். 1963 வசந்தகாலப் பயிற்சியில் முழங்கை போனதால் அவரும் மேஜர் லீகைத் தொடவில்லை என்பது வேறு துயரம்.

கேள்வி: அந்தப் பாடம் பால்டிமோரில் பயன்பட்டதா? (சென்னையிலிருந்து ஒரு வாசகர்)

பதில்: 1968 ஜூலையில் ஹாங்க் பாவரை நீக்கிவிட்டு, அப்போது அணியின் பயிற்சியாளராக இருந்த வீவரிடம் ஓரியோல்ஸ் பொறுப்பைக் கொடுத்தது. மறு ஆண்டு 109 வெற்றிகள், அதற்கடுத்து 108, பிறகு 101. 1970-இல் சின்சினாட்டியை வீழ்த்தி வேர்ல்டு சீரிஸை வென்றார். 1969, 1971, 1979 ஆகிய மூன்று ஆண்டுகளில் இறுதிவரை வந்து தோற்றார். மொத்தக் கணக்கு 1,480 வெற்றி, 1,060 தோல்வி. 1996-இல் பேஸ்பாலின் புகழ் மண்டபமான ஹால் ஆஃப் ஃபேமில் இடம் கிடைத்தது.

எண்களைவிட அவர் ஆட்களைப் பயன்படுத்திய விதம்தான் சுவையானது. எந்த பேட்டர் எந்த பிட்சரிடம் எப்படி ஆடியிருக்கிறார் என்று அட்டைகளில் குறித்து வைத்து, கணினி எட்டிப் பார்க்காத காலத்திலேயே அதன்படி அணியை மாற்றினார். இடக்கை பேட்டர் ஜான் லோவன்ஸ்டைனும் வலக்கை பேட்டர் கேரி ரோனிக்கியும் எதிரணி பிட்சருக்கு ஏற்ப, மைதானத்தின் இடப்புற வெளிப்பகுதியான லெஃப்ட் ஃபீல்டை முறைவைத்துப் பங்கிட்டுக்கொண்டார்கள். 1982-இல் அந்த இருவரும் சேர்ந்து 45 ஹோம் ரன் அடித்தார்கள். தனித்தனியாகப் பார்த்தால் நட்சத்திரங்கள் அல்லாத இருவர், அட்டையின் புண்ணியத்தால் ஒரு நட்சத்திரமானார்கள். செகண்ட் பேஸுக்கும் தேர்டு பேஸுக்கும் நடுவே நிற்கும் ஷார்ட்ஸ்டாப் என்றால் குட்டையாகவும் சுறுசுறுப்பாகவும் இருக்க வேண்டும் என்று எல்லோரும் நம்பிய அதே ஆண்டில், ஆறடி நான்கங்குல உயரமுள்ள கேல் ரிப்கனை அந்த இடத்தில் நிறுத்தியவரும் இவரே. உயரத்தைப் பார்த்து ஆளை முடிவுசெய்யும் வழக்கத்தின் மேல் இவருக்குச் சொந்தமாக ஒரு கோபம் இருந்திருக்கலாம் என்பது என் ஊகம்.

கேள்வி: அம்பயர்களோடு எப்போதும் சண்டை போடுவாராமே? (ஈரோட்டிலிருந்து ஒரு வாசகி)

பதில்: தொண்ணூறு முறைக்கும் மேல் மைதானத்திலிருந்து வெளியேற்றப்பட்டவர். தொப்பியின் விளிம்பு அம்பயரின் முகத்தில் பட்டால் தண்டனை கிடைக்கும் என்பதால், அதைப் பின்பக்கமாகத் திருப்பி வைத்துக்கொண்டு, மூக்கோடு மூக்கு உரச நின்று கத்துவார். எல்லாம் கணக்குப் போட்ட கோபம். அதே மனிதர், எல்மைராவிலிருந்து வந்த மைதானப் பராமரிப்பாளர் பேட் சான்டரோனோடு சேர்ந்து, பால்டிமோர் மெமோரியல் ஸ்டேடியத்தின் லெஃப்ட் ஃபீல்டு ஓரத்தில் தக்காளிச் செடி வளர்த்தார். யாருடைய தக்காளி உசத்தி என்று இருவருக்கும் ஆண்டுதோறும் போட்டி.