போருக்குப் பிந்தைய ஜெர்மன் ஆவணப்பட இயக்குநர்களில் யாரை முதலில் பார்க்க வேண்டும்?

ஹாருன் ஃபரோக்கியை. பலர் வெர்னர் ஹெர்சாக்கைச் சொல்வார்கள். அவரும் பெரிய கலைஞர்தான். ஆனால் எந்தப் படத்தைப் பார்த்தாலும் ‘இதை எடுத்தவர் எதைத் தேடினார், எதைக் காணாமல் விட்டார்’ என்று கேட்கும் பழக்கத்தை எனக்குத் தந்தவர் ஃபரோக்கி.

1944-ல் பிறந்தவர். தந்தை இந்தியாவிலிருந்து ஜெர்மனியில் குடியேறிய மருத்துவர், தாய் ஜெர்மானியர். 1966-ல் மேற்கு பெர்லினில் புதிதாகத் திறக்கப்பட்ட திரைப்படக் கல்லூரியில் சேர்ந்தார். 1968-ல் அரசியல் போராட்டங்களுக்காக வெளியேற்றப்பட்டார். அடுத்த ஆண்டே ‘அணைக்க முடியாத நெருப்பு’ வந்தது. வியட்நாமில் வீசப்பட்ட நாபாம் குண்டுகளைப் பற்றிய படம். எரிந்த உடல்களைக் காட்டினால் நீங்கள் கண்ணை மூடிக்கொள்வீர்கள் என்கிறார். பிறகு எரியும் சிகரெட்டைத் தன் கையிலேயே அழுத்தி அணைக்கிறார். சிகரெட்டின் சூடு 400 டிகிரி, நாபாமின் சூடு 3000 டிகிரி. இதைவிட நேர்மையான ஒரு காட்சியை நான் ஆவணப்படங்களில் கண்டதில்லை.

அவருடைய உச்சம் என்று நான் கருதுவது, 1980-களின் இறுதியில் வந்த ‘உலகின் படிமங்களும் போரின் பதிவும்’. 1944 ஏப்ரல் 4 அன்று ஓர் அமெரிக்க விமானம் ஐ.ஜி. ஃபார்பன் என்ற ஜெர்மன் ரசாயன நிறுவனத்தின் ஆலையைப் படம் பிடிக்கப் போகிறது. அருகிலிருந்த, நாஜிகள் யூதர்களைக் கொன்று குவித்த ஆஷ்விட்ஸ் முகாமும் அந்தப் படங்களில் பதிவாகிவிடுகிறது. ஆய்வாளர்கள் ஆலையின் பகுதிகளைக் குறித்து வைத்தார்கள், முகாமைக் கவனிக்கவில்லை. அதைத் தேடும்படி அவர்களுக்கு யாரும் சொல்லவில்லை. 1977-ல்தான் சி.ஐ.ஏ. ஊழியர்கள் இருவர் பழைய படங்களை எடுத்துப் பார்த்து அது என்னவென்று கண்டுகொண்டார்கள். ஃபரோக்கி இதைக் குரலை உயர்த்தாமல், அந்த ஒரு புகைப்படத்துக்கே மீண்டும் மீண்டும் திரும்பி வந்து சொல்கிறார்.

இப்படிப்பட்ட படங்களுக்குப் பணம் கிடைப்பது எளிதாக இருக்கவில்லை. ஒரு படத்துக்கான ஆராய்ச்சியை வானொலி நிகழ்ச்சியாக்குவார், அதற்காகப் படித்த புத்தகங்களுக்கு மதிப்புரை எழுதுவார், மிஞ்சியது தொலைக்காட்சிக்குப் போகும். எஃகு ஆலையில் கழிவைக்கூட வீணாக்காதது போன்ற முறை இது என்று அவரே விளக்கியிருக்கிறார். ‘ஃபில்ம்கிரிட்டிக்’ என்ற திரைப்பட விமர்சன இதழின் ஆசிரியராகவும் பல ஆண்டுகள் உழைத்தார். ஜெர்மன் இயக்குநர் கிறிஸ்டியான் பெட்ஸோல்டின் கதைப்படங்களுக்குத் திரைக்கதையில் துணை நின்றவரும் இவரே.

பிற்காலத்தில் அருங்காட்சியகங்களுக்காக நிறையச் செய்தார். அவற்றில் ‘சீரியஸ் கேம்ஸ்’ தொடரை விட்டுவிடாதீர்கள். அமெரிக்க வீரர்களைப் போருக்குப் பழக்கும் கணினி மென்பொருளையும், போரில் மனம் உடைந்து திரும்பியவர்களின் சிகிச்சைக்கான மென்பொருளையும் அருகருகே வைக்கிறார். முன்னதில் பொருள்களுக்கு நிழல் விழுகிறது. பின்னது மலிவானது; அதில் நிழலே இல்லை. அரசின் கணக்குப் புத்தகமே அங்கே திறந்து கிடப்பதாக எனக்குத் தோன்றியது.

2014-ல், 70 வயதில் காலமானார். நூற்றுக்கு நெருக்கமான படைப்புகள் இருக்கின்றன. முதலில் 1969-ல் வந்ததைப் பாருங்கள், அரை மணி நேரத்துக்குள் முடிந்துவிடும். ஆஷ்விட்ஸ் புகைப்படம் பற்றிய படத்துக்கு மட்டும் ஒரு முழு மாலையை ஒதுக்குங்கள். முடிந்ததும் தொடக்கத்திலிருந்து இன்னொரு முறை ஓடவிடத் தோன்றும்.