உடும்புப் பிடி என்கிறோமே, உடும்பு அப்படி எதைத்தான் பிடிக்கிறது?

கடன்காரர் வாசலை விட்டு நகராவிட்டாலும், பதவியில் இருப்பவர் நாற்காலியை விடாவிட்டாலும் 'உடும்புப் பிடி' என்றுவிடுகிறோம். இதற்குக் கோட்டைக் கதையைத்தான் பலரும் காரணமாகச் சொல்வார்கள். உடும்பின் இடுப்பில் கயிற்றைக் கட்டி மதிலில் ஏற்றுவார்களாம், அது இடுக்கைப் பற்றிக்கொள்ளுமாம், வீரனோ திருடனோ அந்தக் கயிற்றைப் பிடித்து ஏறுவானாம். 1670இல் சிவாஜியின் தளபதி தானாஜி மாலுசரே புணே அருகிலுள்ள கொண்டாணா கோட்டைக்குள் இப்படி ஏறியதாக மராட்டியர் நடுவில் ஒரு கதை உண்டு. அந்த உடும்புக்கு யஷ்வந்தி என்று பெயர்கூட இருக்கிறது.

கதை அருமை, கணக்குத்தான் உதைக்கிறது. நம் பக்கத்து உடும்பு மூக்கிலிருந்து வால்நுனி வரை ஒன்றே முக்கால் மீட்டர் வரை வளரும். அதில் பாதிக்கு மேல் வால். எடை சில கிலோதான். 60 கிலோ ஆளை அது எப்படித் தாங்கும்? மிரண்ட உடும்பு உச்சிக்குப் போகாது, முதலில் தென்படும் பொந்துக்குள் நுழையும். இடுப்பில் கயிறு இறுகினால் அதன் முக்கியமான ஆயுதமே போய்விடும் (அது என்ன என்று கீழே சொல்கிறேன்). சங்க நூலான மதுரைக் காஞ்சியில் இரவில் திரியும் கள்வர்களிடமும் நூலேணிதான் இருக்கிறது, உடும்பு இல்லை.

என் கணிப்பில் இந்தப் பேச்சு வேட்டையிலிருந்து வந்தது. சங்க காலத்திலேயே உடும்பை உரித்துப் பார்த்துப் பழகியிருக்கிறார்கள்: பசியில் வாடியவர்களின் விலா எலும்பு துருத்தி நிற்பதற்கு உரித்த உடும்பைத்தான் உவமையாகச் சொல்கிறது புறநானூற்றின் 68ஆம் பாட்டு.

துரத்தினால் உடும்பு கறையான் புற்றிலோ மரப்பொந்திலோ பாறை இடுக்கிலோ தலையை முன்னே விட்டுப் புகும். வெளியே மிஞ்சுவது வால். பல்லிக்குப் போல இதன் வால் அறுந்து விழாது, அதனால் பிடித்தவர் இழுக்கத் தொடங்குவார். சிக்கல் அங்கேதான் ஆரம்பம். காலுக்கு ஐந்து விரல், ஒவ்வொன்றிலும் கொக்கிபோல் வளைந்த நகம். பின்னால் இழுக்கும்போது இருபது நகமும் மண்ணிலோ பட்டையிலோ இன்னும் ஆழமாக இறங்கும். முன்பக்கம் தள்ளினால்தான் கழலும். கூடவே அது மூச்சை இழுத்து உடம்பை உப்ப வைக்கும். தொண்டையை அசைத்து நுரையீரலுக்குள் கூடுதல் காற்றைத் தள்ளும் வசதி உடும்பு இனத்துக்கு உண்டு. உப்பிய விலா பொந்தின் சுவரில் ஆப்பு அடித்ததுபோல் இறுகிவிடும். நகம் பாதி வேலை, மூச்சு மீதி வேலை. இழுப்பவர் பலத்தைக் கூட்டக் கூட்டப் பிடியும் கூடும். விடாப்பிடிக்காரரைக் குறிக்க இதைவிடப் பொருத்தம் ஏது?

'உடும்பு வேண்டாம், கையை விட்டால் போதும்' என்ற பழமொழி இன்னும் குழப்பும். பிடிக்கப் போனவர் கைதானே ஓங்கியிருக்க வேண்டும்? பொந்துக்குள் முழங்கை வரை விட்டவரை நினைத்துப் பாருங்கள். உப்பிய உடம்புக்கும் சுவருக்கும் நடுவே கை மாட்டிக்கொள்கிறது, உள்ளே நகமும் பல்லும் வேறு. அந்த நேரத்தில் யாருக்கு உடும்புக் கறி வேண்டும்?

பல்லியைப் போல உடும்பும் எங்கும் ஒட்டிக்கொள்ளும் என்று நினைப்பது தவறு. பல்லியின் விரலடியில் நுண்ணிய மயிர்த் திண்டு உண்டு, அதனால் கண்ணாடியிலும் ஏறும். உடும்புக்கு அது கிடையாது. நகம் இறங்க இடமில்லாத வழவழப்பான பரப்பில் சறுக்கிவிடும்.

கஞ்சிரா என்ற தாள வாத்தியத்துக்கு முன்பு போர்த்தியதும் உடும்புத் தோல்தான். இப்போது ஆட்டுத் தோலையும் செயற்கைத் தோலையும் போர்த்துகிறார்கள். 1972ஆம் ஆண்டின் வன உயிரினப் பாதுகாப்புச் சட்டத்தில் உடும்பு முதல் அட்டவணையில் வருகிறது, வேட்டையாடினால் குறைந்தது 3 ஆண்டு சிறை. வீட்டுக்குள் புகுந்துவிட்டால் வாலைத் தொடாதீர்கள், இழுத்தால் என்ன ஆகும் என்று மேலேயே சொல்லியாகிவிட்டது. வெளிக்கதவைத் திறந்துவைத்து, நாயைக் கட்டிப்போட்டு, ஒதுங்கி நின்றால் பெரும்பாலும் தானே போய்விடும். பீரோவுக்கு அடியில் போய் உப்பிக்கொண்டு உட்கார்ந்துவிட்டால் வனத்துறைக்குச் சொல்லுங்கள்.