கடற்படை டேங்கர் எத்தனை வருடம் ஓடும்? கேள்வி பதில்

போர்க்கப்பல்களுக்கு நடுக்கடலில் எரிபொருள், குடிநீர், உணவு, வெடிமருந்து எல்லாம் கொண்டுபோய்க் கொடுக்கும் பெரிய எண்ணெய்க் கப்பல்களைப் பற்றி நிறையப் பேர் கேட்டிருந்தீர்கள். சுருக்கமாக டேங்கர் என்றே எழுதுகிறேன். பல வருடம் டேங்கரின் மேல்தளத்தில் வேலை பார்த்தேன். பிறகு தொட்டிகளுக்குள் இறங்கித் தகடு பரிசோதிக்கும் வேலைக்குப் போனேன். அந்த அனுபவத்தை வைத்துப் பதில் சொல்கிறேன்.

சார், ஒரு டேங்கரின் ஆயுள் எத்தனை வருடம்? ஒரே எண்ணாகச் சொல்ல முடியுமா?

காகிதத்தில் 30 முதல் 35 வருடம். அமெரிக்காவின் ஹென்றி ஜே. கைசர் வகைக் கப்பல்களுக்கு 35 வருடக் கணக்குத்தான் போட்டார்கள். ஆனால் நடைமுறையைப் பாருங்கள். பிரிட்டனின் கோல்ட் ரோவர் 1974-இல் சேவைக்கு வந்து 2017-இல்தான் ஓய்வு பெற்றது, 43 வருடம். அமெரிக்காவின் கலூசஹாட்சி 1945-இல் சேர்ந்து 1990 வரை ஓடியது. 1960-களில் அதன் நடுப்பகுதியை வெட்டி, புதுத் துண்டு ஒன்றைச் சேர்த்து நீளமாக்கினார்கள்.

இதற்கு நேர்மாறான கதையும் உண்டு. அதே நாட்டின் புதிய சிமரான் வகைக் கப்பல்கள் ஐந்து, 1981 முதல் சேவைக்கு வந்தன. 1990-களின் தொடக்கத்தில் அவற்றையும் வெட்டி நீட்டினார்கள். செலவழித்த சூடு ஆறுவதற்குள், 1998-99-இல் ஐந்தையும் நிறுத்திவிட்டார்கள். நீராவி இயந்திரம், அதைப் பார்த்துக்கொள்ள நிறைய ஆட்கள். டீசலில், குறைந்த சிவிலியன் ஆட்களோடு ஓடும் கைசர் வகைக்கு முன்னால் அவை கட்டுப்படியாகவில்லை. அதனால் பிறந்த வருடத்தை மட்டும் பார்த்து டேங்கரின் வயதைச் சொல்லாதீர்கள்.

அப்படியென்றால் எதைப் பார்த்துத்தான் முடிவு செய்வது?

என்னைக் கேட்டால் முதலில் பேலஸ்ட் தொட்டிக்குள் இறங்கிப் பாருங்கள் என்பேன். எண்ணெயைக் கொடுக்கக் கொடுக்கக் கப்பல் லேசாகி மேலே எழும். நிலைப்பு கெடாமல் இருக்கக் கடல்நீரை அந்தத் தொட்டிகளில் ஏற்றுவோம். எண்ணெய் நிரப்பும்போது அந்த நீரை வெளியேற்றுவோம். உப்புநீர், காற்று, மறுபடி உப்புநீர், மறுபடி காற்று. இரும்பு துருப்பிடிக்க இதைவிடத் தோதான இடம் கிடையாது.

உள்ளே போவது எப்படி என்று சொல்கிறேன், அப்போதுதான் புரியும். மூடியின் நட்டுகளைக் கழற்றி, குழாய் போட்டு மணிக்கணக்கில் காற்று ஊத வேண்டும். துருப்பிடிக்கும் இரும்பு ஆக்சிஜனை இழுத்துக்கொள்ளும். மூடியே கிடந்த தொட்டியில் வேறு எந்த விஷவாயுவும் இல்லாமலே, இறங்கியவர் இரண்டு மூச்சில் சுருண்டு விழலாம். மீட்டர் 20.9 சதவீதம் ஆக்சிஜன் காட்டிய பிறகுதான் ஏணியில் கால் வைப்போம். வாயிலில் ஒருவர் பெயர் எழுதிக்கொண்டு காவல் நிற்பார்.

உள்ளே கும்மிருட்டு. கையில் டார்ச், ஒரு சின்னச் சுத்தியல். நல்ல தகட்டைத் தட்டினால் 'டங்' என்று கணீரென்று கேட்கும். அரித்துப்போன தகடு 'டொக்' என்னும். தட்டிய இடத்தில் துரு ஏடு ஏடாக உரிந்து பூட்ஸ் மேல் விழும். முதலில் தொடவேண்டியது தகட்டின் நடுப்பகுதி அல்ல. சட்டங்களின் ஓரம், வெல்டிங் கோடு, தொட்டியின் கூரை, தண்ணீர் வடியாமல் தேங்கும் மூலைகள். பெயின்ட் முதலில் உரிவது அங்கேதான்.

அப்புறம் அல்ட்ராசோனிக் கருவியை வைத்துத் தடிமன் அளப்போம். 14 மி.மீ. ஆக இருந்த தகடு 10.5-க்கு வந்திருந்தால் கால்வாசி போய்விட்டது என்று அர்த்தம். பொதுவாக அந்த அளவை நெருங்கினாலே வெட்டி மாற்றச் சொல்வார்கள். பத்துத் தகடு மாற்றலாம், நூறு தகடும் மாற்றலாம். ஐந்து வருடத்துக்கு ஒரு முறை நடக்கும் பெரிய பரிசோதனையில் மாற்றவேண்டிய இரும்பின் எடை தடவைக்குத் தடவை ஏறிக்கொண்டே போனால், அந்தக் கப்பலுக்கு நாள் எண்ணத் தொடங்கலாம்.

எண்ணெய் இருக்கும் தொட்டி துருப்பிடிக்காதுதானே அண்ணா? எண்ணெய்தான் பூச்சு மாதிரி இருக்குமே?

பாதி சரி தம்பி. எண்ணெய் பட்டிருக்கும் சுவர் தப்பித்துக்கொள்ளும். ஆனால் எண்ணெய் மட்டத்துக்கு மேலே இருக்கும் காலி இடத்தில் ஈரக்காற்று உண்டு, கூரையில் நீர்த்துளி கட்டும். அடியில் எண்ணெயிலிருந்து பிரிந்த தண்ணீர் தேங்கும், அங்கே குழி குழியாக அரிக்கும். கூரையும் அடியும்தான் கவலை.

இரட்டைச் சுவர் இல்லாத டேங்கரை ஓட்டக் கூடாது என்கிறார்கள். கடற்படைக்கும் அந்தச் சட்டம் உண்டா?

1989-இல் எக்ஸான் வால்டெஸ் என்ற வணிக டேங்கர் அலாஸ்காவில் தரைதட்டி எண்ணெய் கொட்டியதற்குப் பிறகு வந்த விதி இது. 1990-இல் அமெரிக்கா சட்டம் போட்டது. பிறகு மார்போல் என்ற சர்வதேச உடன்படிக்கையிலும் சேர்ந்தது. 1993 ஜூலைக்குப் பிறகு ஆர்டர் கொடுத்த பெரிய டேங்கர்களுக்கு இரட்டைச் சுவரோ அதற்குச் சமமான பாதுகாப்போ இருக்க வேண்டும். பழைய ஒற்றைச் சுவர் கப்பல்களைப் படிப்படியாக ஒதுக்க வேண்டும்.

எழுத்துப்படி பார்த்தால் கடற்படைக் கப்பல்களுக்கு மார்போலில் விலக்கு உண்டு. ஆனாலும் முடிந்தவரை விதியை ஒட்டி நடக்கவேண்டும் என்று அதே உடன்படிக்கை சொல்கிறது. விலக்கு இருக்கிறது என்பதற்காக எல்லாத் துறைமுகமும் ஒற்றைச் சுவர் டேங்கரை மனமுவந்து உள்ளே விடாது. நியூசிலாந்தின் எண்டவர் 1988 முதல் 2017 வரை ஓடியது. அதற்குப் பதிலாக 2020-இல் அவ்டெயரோவா சேர்ந்தது, இரட்டைச் சுவரோடு, பனிக்கடலிலும் போகும்படி. இரும்பு தாங்கினாலும் விதி விடாது என்ற நிலைமை பல நாடுகளுக்கு வந்தது. இந்த விதி நல்லது என்பதில் எனக்குத் துளியும் சந்தேகமில்லை. கடலில் கொட்டிய எண்ணெயை அள்ளிப் பார்த்த யாரும் வேறு மாதிரிச் சொல்லமாட்டார்கள்.

ஒன்று மட்டும் சேர்த்துச் சொல்ல வேண்டும். இரண்டு சுவருக்கும் நடுவில் இருக்கும் அந்த இடைவெளிதான் பேலஸ்ட் தொட்டி. அதாவது துருப்பிடிக்கும் பரப்பு முன்பைவிடப் பல மடங்கு கூடிவிட்டது. முதல் நாள் அடிக்கும் பெயின்ட்டில் கஞ்சத்தனம் செய்தால் பதினைந்தாம் வருடத்தில் தெரிந்துவிடும்.

ஓடிக்கொண்டே எண்ணெய் கொடுப்பதை வீடியோவில் பார்த்தேன். அதனால் கப்பல் தேயுமா?

தேயும். இரண்டு கப்பல்கள், நடுவில் நாற்பது ஐம்பது மீட்டர்தான் இடைவெளி, மணிக்கு 12 முதல் 14 கடல்மைல் வேகம். டேங்கர் திசை மாறாமல் நேரே போகும். வாங்கவரும் கப்பல் பக்கத்தில் வந்து வேகத்தைப் பொருத்திக்கொள்ளும். துப்பாக்கியால் ஒரு மெல்லிய கயிற்றைச் சுடுவோம். அதைப் பிடித்து இழுக்க இழுக்கக் கொஞ்சம் தடித்த கயிறு, அதன் பின்னால் இரும்புக் கம்பிவடம் போகும். அந்த வடத்தில் தொங்கிக்கொண்டு ஹோஸ் நகர்ந்துபோய், எதிர்க் கப்பலின் புனல் வாயில் முட்டிப் பூட்டிக்கொள்ளும். பம்ப் ஓடத் தொடங்கும்போது சிவப்புக் கொடி ஏறும். நடுவில் சிக்கிய தண்ணீர் பொங்கிக் குதித்துக்கொண்டே இருக்கும். பெரிய கப்பல்கள் என்றால் இந்த நிலையில் மணிக்கணக்கில் நிற்க வேண்டும்.

கப்பல்கள் உருளும்போது வடம் ஒரு நொடி தொய்யும், அடுத்த நொடி விறைக்கும். ஹைட்ராலிக் ராம், அதாவது எண்ணெய் அழுத்தத்தில் நீண்டு சுருங்கும் தண்டு, அதைச் சமன் செய்துகொண்டே இருக்கும். அந்த இழுவிசை முழுவதும் மேல்தளத்தில் நிற்கும் தூண்களின் அடியில்தான் இறங்கும். தூண் தளத்தோடு சேரும் வெல்டிங்கில் மயிரிழை விரிசல் இருக்கிறதா என்று சாயம் தடவிப் பார்ப்போம். வடம், ஹோஸ், வின்ச் எல்லாம் கணக்குப்படி மாற்றக்கூடியவை. தூணின் அடியில் வரும் விரிசல் மட்டும் கப்பலின் வயதைக் காட்டும்.

1917-இல் அட்லாண்டிக்கில் மாமீ என்ற அமெரிக்கக் கப்பலிலிருந்து நாசகாரிப் போர்க்கப்பல்களுக்கு இப்படி ஓட்டத்திலேயே எண்ணெய் கொடுத்தார்கள். அந்த முறையை உருவாக்கியவர்களில் ஒருவர், அந்தக் கப்பலில் அப்போது அதிகாரியாக இருந்த நிமிட்ஸ். பின்னாளில் பசிபிக் போரை நடத்திய அதே அட்மிரல்தான்.

பழைய டேங்கரில் எது அதிக ஆபத்து?

இயந்திர அறைத் தீ. 1998 மே 5 அன்று ஆஸ்திரேலியாவின் வெஸ்ட்ராலியா என்ற டேங்கரில், புதிதாக மாற்றிய எரிபொருள் ஹோஸ் ஒன்று கசிந்து சூடான இயந்திரத்தின் மேல் பீய்ச்சியடித்தது. நான்கு பேர் இறந்தார்கள். கவனியுங்கள், கசிந்தது பழைய பாகம் இல்லை, பழைய கப்பலில் போட்ட புதுப் பாகம். அசல் பாகம் கிடைக்காமல் மாற்று தேடும் நிலைமை வரும்போது சரிபார்ப்பு இரண்டு மடங்கு இருக்க வேண்டும். இதில் சமாதானமே கிடையாது.

புது டேங்கர் வருவதற்குள் பழையது போய்விட்டால் என்ன செய்வார்கள்?

கனடாவுக்கு நடந்தது அதுதான். அவர்களிடம் இரண்டே டேங்கர்கள், புரொடெக்டர் 1969-இல் வந்தது, பிரிசர்வர் 1970-இல். 2014 பிப்ரவரியில் ஹவாயிலிருந்து சில நூறு கிலோமீட்டர் தள்ளி, நடுக்கடலில் புரொடெக்டரின் இயந்திர அறை தீப்பிடித்தது. உயிர்ச்சேதம் இல்லை. ஆனால் மின்சாரம், இயந்திரம் இரண்டுமே போய், பேர்ல் ஹார்பருக்குக் கட்டி இழுத்துவர வேண்டியதாயிற்று. அதே வருடம் பிரிசர்வரில் துரு எல்லை மீறிவிட்டது என்று தெரிந்தது. ஒன்றைத் தீ எடுத்துக்கொண்டது, மற்றொன்றைத் துரு எடுத்துக்கொண்டது. பசிபிக் கடலையும் அட்லாண்டிக்கையும் காக்கும் ஒரு கடற்படை சிலியின் கப்பலையும் ஸ்பெயினின் கப்பலையும் இரவல் வாங்கிப் பயிற்சி செய்தது.

பிரிட்டன் 1982-இல் மயிரிழையில் தப்பியது. டைட்பூல் என்ற டேங்கரைச் சிலிக்கு விற்று, அது அங்கே போயும் சேர்ந்துவிட்டது. அந்த நேரத்தில் ஃபாக்லாந்து போர் மூண்டது. சிலியிடம் கேட்டு அதே கப்பலைத் திரும்ப வாங்கிப் போருக்கு அனுப்பினார்கள். முடிந்த பிறகு மறுபடி சிலிக்கே கொடுத்தார்கள். வழியில் எண்ணெய் கொடுக்க ஆள் இல்லையென்றால் எவ்வளவு நல்ல போர்க்கப்பலும் கரையை விட்டு அதிக தூரம் போக முடியாது. பட்ஜெட் போடும்போது டேங்கரைத்தான் முதலில் தள்ளிப்போடுகிறார்கள். எனக்கு உண்மையிலேயே வருத்தமான விஷயம் இது.

வணிக டேங்கரை வாங்கி மாற்றிக்கொண்டால் மலிவாக முடியாதா?

முடியும், செய்திருக்கிறார்கள். கனடாவுக்காகக் கியூபெக்கில் ஒரு கன்டெய்னர் கப்பலை ஆஸ்டெரிக்ஸ் என்று மாற்றி 2018-இல் ஓடவிட்டார்கள். நன்றாகவே உழைக்கிறது. ஆஸ்திரேலியா, கொரியாவில் கட்டிய ஒரு வணிக டேங்கரை வாங்கி, 2006-இல் சிரியஸ் என்ற பெயரில் சேர்த்து, 2021-இல் ஓய்வு கொடுத்தது. பதினைந்து வருடம். தற்காலிகத் தேவைக்குச் சரி. ஆனால் வணிகக் கப்பலில் பெரும்பாலும் ஒரே இயந்திரம், ஒரே சுழலி. பக்கத்தில் இன்னொரு கப்பல் கட்டுண்டு நிற்கும்போது அது நின்றுபோனால் என்ன ஆகும் என்று யோசித்துப் பாருங்கள்.

நம் கடற்படையில் எத்தனை இருக்கின்றன?

ஜோதி ரஷ்யாவில் கட்டியது, 1996-இல் சேர்ந்தது. ஆதித்யா கொல்கத்தாவில் கட்டியது, 2000. தீபக், சக்தி இரண்டும் இத்தாலியில் கட்டியவை, 2011, ஒவ்வொன்றும் சுமார் 27,500 டன். 44,000 டன் அளவில் ஐந்து புதுக் கப்பல்களுக்கு விசாகப்பட்டினம் ஹிந்துஸ்தான் ஷிப்யார்டோடு 2023-இல் ஒப்பந்தம் ஆனது. நான் சொன்ன வருடக் கணக்கை இதோடு வைத்துப் பார்த்தால் அவசரம் புரியும்.

ஓய்வுபெற்ற டேங்கரை அருங்காட்சியகமாக வைக்கலாமே அங்கிள்? இல்லையென்றால் கடலில் மூழ்கடித்தால் மீன்களுக்காவது வீடாகும்.

ஆசை புரிகிறது. ஆனால் குழாய், பம்ப், தொட்டி மூலை எல்லாவற்றிலும் எண்ணெய் மிச்சம் இருக்கும். அதை முழுவதும் கழுவி எடுக்காமல் எதுவும் செய்யக் கூடாது. பெரும்பாலும் உடைக்கும் தளத்துக்குத்தான் போகும்.

கழுவாமல் கடலுக்குள் போன டேங்கர் என்ன செய்யும் என்பதற்கு மிசிசினேவா இருக்கிறது. 1944 மே மாதம் சேவைக்கு வந்து, அதே நவம்பர் 20-ஆம் தேதி பசிபிக்கின் உலிதி தீவுக் காயலில் ஜப்பானியரின் மனித டார்பிடோ (உள்ளே ஆள் உட்கார்ந்து ஓட்டிவருவது) தாக்கி மூழ்கியது. 63 பேர் இறந்தார்கள். கப்பலின் சேவை ஆறு மாதம். அரைநூற்றாண்டுக்கு மேல் சத்தமில்லாமல் கவிழ்ந்து கிடந்தது. 2001-இல் ஒரு புயலுக்குப் பிறகு எண்ணெய் கசிந்து, தீவு மக்கள் மீன்பிடிக்க முடியாமல் போனது. 2003-இல் அமெரிக்கக் கடற்படையின் மூழ்குநர்கள் போய், தொட்டிகளில் துளையிட்டு வால்வு பொருத்தி, சுமார் 18 லட்சம் காலன் எண்ணெயை உறிஞ்சி எடுத்தார்கள். 58 வருடத்துக்கும் மேலாக அந்தத் தகடுகள் அதைப் பிடித்து வைத்திருந்தன.