பனடாலும் அம்லோடிபினும்

வணக்கம் ஐயா,

சிங்கப்பூரின் ஈசூனில் வசிக்கிறேன். பிள்ளைகள் வளர்ந்துவிட்டதால் அண்மையில் ஒரு மருந்துக்கடையில் உதவியாளராகச் சேர்ந்தேன். மருந்தியலின் அடிப்படையைக் கற்க ஆசை. மருந்தின் பெயர், வகை, பக்கவிளைவு என்று நோட்டுப் புத்தகம் நிறைய எழுதி மனப்பாடம் செய்கிறேன், மறுநாளே மறந்துவிடுகிறது. தலைவலிக்குப் பனடாலை ஆறு மணி நேரத்துக்கு ஒருமுறை சாப்பிடச் சொல்கிறார்கள். பலதுறை மருந்தகத்தில் அம்மாவுக்கு ரத்த அழுத்தத்துக்காகக் கொடுத்த அம்லோடிபின் மட்டும் ஒரு நாளைக்கு ஒன்று. இந்தச் சின்ன விஷயம்கூட ஏன் என்று எனக்குத் தெரியவில்லை. எங்கிருந்து தொடங்குவது?

ஒரு வாசகி

அன்புள்ள சகோதரிக்கு,

அந்தச் சின்ன விஷயத்திலிருந்தே தொடங்குங்கள். நோட்டுப் புத்தகம் கொஞ்ச நாள் அலமாரியில் இருக்கட்டும்.

மருந்து உடம்பை என்ன செய்கிறது, உடம்பு மருந்தை என்ன செய்கிறது என்ற இரண்டு கேள்விகள்தாம் மருந்தியல். உங்கள் பட்டியல் முழுவதும் முதல் கேள்விக்கான விடைகள். உங்களைக் குடைவதோ இரண்டாவது கேள்வி.

பனடாலில் இருப்பது பாராசிட்டமால். ரத்தத்தில் அதன் அளவு பாதியாகக் குறைய இரண்டு முதல் மூன்று மணி நேரம் ஆகும். இதை அரை ஆயுள் என்பார்கள். இரண்டு மணி நேரம் என்றே வைத்துக் கணக்குப் போடுங்கள். காலை எட்டு மணிக்கு 1,000 மில்லிகிராம் உடம்பில் சேர்ந்தால் பத்து மணிக்கு 500, நண்பகலில் 250, இரண்டு மணிக்கு 125. தலைவலி திரும்பி வருவதில் வியப்பென்ன? அம்லோடிபினின் அரை ஆயுள் 30 முதல் 50 மணி நேரம். மறுநாள் மாத்திரையை அம்மா விழுங்கும்போது முந்தைய நாளையதில் பாதிக்கு மேல் உள்ளேயே இருக்கிறது. இப்படிச் சேர்ந்து சேர்ந்து, ஏறக்குறைய ஒரு வாரத்தில்தான் அளவு நிலைபெறும். "இரண்டு நாளாகச் சாப்பிடுகிறேன், அழுத்தம் இறங்கவில்லையே" என்று கடையில் யாராவது புலம்பினால், காரணம் இப்போது உங்களுக்குத் தெரியும். ஆனால் அளவைக் கூட்டுவதும் குறைப்பதும் மருத்துவர் வேலை.

பாராசிட்டமாலை இன்னும் கொஞ்சம் பின்தொடருங்கள். அதன் பெரும்பகுதியைக் கல்லீரல் தீங்கில்லாத பொருளாக மாற்றிச் சிறுநீரில் அனுப்பிவிடுகிறது. சிறு பங்கு மட்டும் நச்சாகிறது. குளுட்டதயோன் என்ற பொருள் அதையும் அடக்கிவிடும். அளவு மீறினால் குளுட்டதயோன் தீர்ந்து நஞ்சு ஈரலையே தாக்கும். பெரியவர்களுக்கு நாளொன்றுக்கு 4 கிராம் என்ற வரம்பு இருப்பது அதனால்தான். சளிக்காய்ச்சல் மாத்திரைகள் பலவற்றிலும் பாராசிட்டமால் கலந்திருக்கிறது. அப்படி ஒரு மாத்திரையையும் பனடாலையும் ஒன்றாக எடுத்துக்கொண்டு ஒருவர் கல்லாவுக்கு வந்தால் இரண்டு பெட்டிகளையும் திருப்பிப் படித்துவிட்டு மருந்தாளரைக் கூப்பிடுங்கள். நூறு பெயர்களை ஒப்பிப்பதைவிட அது பெரிய படிப்பு.

முதல் கேள்விக்கு ஒரு ஜோடி மருந்துகள் போதும். ஆஸ்துமாக்காரர் உறிஞ்சும் சால்பியூட்டமால், மூச்சுக்குழாயிலுள்ள பீட்டா ஏற்பிகளில் (மருந்து வந்து அமரும் இருக்கைகள் என்று வைத்துக்கொள்ளுங்கள்) அமர்ந்து குழாயை விரியச் செய்கிறது. இதயத்துக்குக் கொடுக்கும் புரோப்பிரனலாலும் அதே ஏற்பியில் அமரும், ஆனால் எதையும் செய்யாது. நம் உணவங்காடி நிலையத்தில் டிஷ்யூ பாக்கெட்டை மேசைமேல் வைத்து இடம் பிடிப்பார்களே, அதுபோல; பாக்கெட் சாப்பிடுவதில்லை, சாப்பிட வந்தவருக்கும் இடமில்லை. இதயத்தில் அந்த மறிப்பு பயன் தரும், துடிப்பு நிதானமாகும். ஆஸ்துமாக்காரரின் மூச்சுக்குழாயிலோ அதுவே ஆபத்து. பயனும் பக்கவிளைவும் ஒரே செயலிலிருந்து வருவதை இங்கே பார்த்துவிட்டால், பட்டியலில் பாதியை நீங்களே ஊகித்து எழுதலாம்.

அடுத்து மெட்ஃபார்மினை எடுத்துக்கொள்ளுங்கள். ஈரலில் தேடி நேரத்தை வீணாக்க வேண்டாம். அது உருமாறாமல் சிறுநீரகம் வழியாகவே வெளியேறுகிறது. அப்படியென்றால் அதைச் சாப்பிடும் நீரிழிவு நோயாளிகளுக்கு எந்த ரத்தப் பரிசோதனையை அவ்வப்போது செய்வார்கள், ஏன்? விடையை எழுதி அனுப்புங்கள்.