ரெண்டு எண் போட்டுப் பாத்தா போதாதா?

கேள்வி: சார், என் பையன் ஏழாவது படிக்கிறான். பரீட்சைல "3அ + 5 + 2அ, 5அ + 5 இரண்டும் சமானமான கோவைகள் எனக் காட்டுக"ன்னு வந்திருக்கு. இவன் அ-வுக்கு 1 போட்டுப் பாத்தான், ரெண்டும் 10. 2 போட்டான், ரெண்டும் 15. பாதி மார்க்தான் குடுத்திருக்காங்க. சரியாத்தானே வருது, ஏன் குறைக்கணும்?
- வாசகி, திண்டுக்கல்

பதில்: டீச்சர் பக்கம் நியாயம் இருக்கு மேடம். பையன்கிட்ட இந்த ஜோடிய குடுங்க: அ × அ + 2, அப்புறம் 3அ. 1 போட்டா ரெண்டும் 3, 2 போட்டா ரெண்டும் 6, ஆஹா சமம்னு எழுதி பேப்பர மடிச்சுடுவான், ஆனா 3 போட்டா ஒண்ணு 11, இன்னொண்ணு 9! சமானம்னா எந்த எண் போட்டாலும் ஒத்துவரணும், எல்லா எண்ணையும் போட்டுப் பாக்க யாரால முடியும், அதுக்குத்தான் கூட்டல் பண்புகள்.

(3அ + 5) + 2அ-ல ஆரம்பிங்க. சேர்ப்புப் பண்பால அடைப்புக்குறி நகரும்: 3அ + (5 + 2அ). பரிமாற்றுப் பண்பால உள்ள இருக்குற ரெண்டும் இடம் மாறும்: 3அ + (2அ + 5). மறுபடி சேர்ப்பு: (3அ + 2அ) + 5. கடைசில 3அ + 2அ-வ (3 + 2)அ ஆக்குறது மட்டும் பங்கீட்டுப் பண்பு, அதையும் கூட்டல் பண்புன்னு எழுதிடப் போறான், கவனம். விடை 5அ + 5. இதுல அ என்ன எண்ணுன்னு எங்கயுமே நாம கேக்கல பாருங்க.

ஒண்ணு சொல்லணும், பையன் கணக்குல ரெண்டு கோவையும் கிராஃப்ல நேர்கோடுதான், ரெண்டு நேர்கோடு ரெண்டு புள்ளில ஒட்டுனா அது ஒரே கோடு, அதனால ரெண்டு எண் போட்டதே போதும்! இந்தக் காரணத்தையும் எழுதியிருந்தா நான் முழு மார்க் போட்டிருப்பேன்.

கேள்வி: 12 − 5அ + 3-ஐ பரிமாற்றுப் பண்பு வச்சு 12 − 3 + 5அ-ன்னு மாத்துனேன், தப்புங்கறாங்க. ஏன் அங்கிள்?
- எட்டாம் வகுப்பு மாணவி, சேலம்

பதில்: அ-வுக்கு 1 போடும்மா, முதல்ல 10 வரும், நீ மாத்துனதுல 14. சமம் இல்லன்னு காட்ட ஒரு எண்ணே போதும். மைனஸ் 5அ-வோட சொத்து, நீ அத அங்கயே விட்டுட்டு 5அ-வ மட்டும் தூக்கிட்டுப் போயிட்ட. கழித்தலுக்குப் பரிமாற்றுப் பண்பு, சேர்ப்புப் பண்பு ரெண்டுமே கிடையாது, (10 − 4) − 3 போட்டா 3, 10 − (4 − 3) போட்டா 9. அதனால முதல்ல எல்லாத்தையும் கூட்டலா எழுதிக்கோ, 12 + (−5அ) + 3, இப்ப தாராளமா இடம் மாத்தலாம்: 12 + 3 + (−5அ), அதாவது 15 − 5அ.