இன்சூரன்ஸ் எடுத்தால் ரோட் டெக்ஸும் முடிந்ததா?

செந்தூல் வாசகர் ஒருவரின் கேள்வி: “என்னிடம் 1.3 மைவி இருக்கிறது. ஏஜென்டிடம் இன்சூரன்ஸ் புதுப்பித்தேன், ரோட் டெக்ஸும் அதோடு முடிந்தது என்று இருந்துவிட்டேன். சாலைத் தடுப்பில் போலீஸ் நிறுத்தி, காலாவதி என்று சம்மன் கொடுத்துவிட்டார்கள். புதுப்பிக்கப் போனால் பெயர் கருப்புப் பட்டியலில் இருக்கிறதாம். வெளியில் ஒருவர் 350 வெள்ளி கேட்கிறார், எல்லாம் செட்டில் செய்து தருவாராம். கொடுக்கலாமா? காரின் பதிவே போய்விடுமா? காலமான அப்பாவின் பெயரில் இன்னொரு கார் நிற்கிறது, அதற்கும் இதே வழிதானா?”

கொடுக்காதீர்கள். பதிவும் எங்கும் போகவில்லை. கெரானுக்கு, அதாவது வாகனப் பதிவுச் சான்றிதழுக்கு, காலாவதித் தேதி கிடையாது. காலாவதியாவது ரோட் டெக்ஸ், அதாவது 6 மாதத்துக்கோ 12 மாதத்துக்கோ எடுக்கிற வாகன உரிமம். காப்புறுதி இல்லாமல் அதை எடுக்க முடியாது. ஆனால் காப்புறுதி எடுத்ததால் மட்டும் அது வந்துவிடாது. காப்புறுதி விவரம் மின்னியல் வழியாக ஜேபிஜேக்கு, அதாவது சாலைப் போக்குவரத்துத் துறைக்குப் போய்விடும், அவ்வளவுதான். ரோட் டெக்ஸுக்கென்று தனித் தொகை கட்டியிருக்கிறீர்களா என்று ரசீதில் பாருங்கள். உங்கள் மைவிக்கு ஓராண்டுக்கு 70 வெள்ளி. அந்த 70 ரசீதில் இல்லையென்றால் எடுக்கவில்லை என்று பொருள்.

இந்தத் தவறு இப்போது பெருகியதற்குக் காரணம் உண்டு. 2023 பிப்ரவரி 10 முதல் தனியார் வாகனங்களில் ஸ்டிக்கர் ஒட்ட வேண்டியதில்லை. முன்பெல்லாம் காரில் ஏறும்போதே தேதி கண்ணில் படும். இப்போது ஜேபிஜேயின் மைஜேபிஜே செயலியைத் திறந்து பார்த்தால்தான் தெரியும். ஸ்டிக்கர் முறையை நீக்கிய அதிகாரிகள், தேதி நெருங்கும்போது ஒவ்வொருவருக்கும் ஒரு குறுஞ்செய்தி வந்து சேர்வதை உறுதி செய்துவிட்டு நீக்கியிருக்க வேண்டாமா? ஒட்ட வேண்டாம் என்றதைக் கட்ட வேண்டாம் என்று புரிந்துகொண்ட பெரியவர்கள் எத்தனையோ பேர். போலீசுக்கு ஸ்டிக்கர் தேவையில்லை. வண்டி எண்ணைத் தட்டினால் போதும்.

இனி அந்த 350 வெள்ளி. சம்மன் பணத்தைக் கட்டாமல் கருப்புப் பட்டியலிலிருந்து பெயரை எடுக்க எந்த ஏஜென்டாலும் முடியாது. அவர் செய்யப்போவது உங்கள் சம்மனைக் கட்டுவது, மீதியைத் தன் பையில் போட்டுக்கொள்வது. கட்டினாரா என்பதும் சந்தேகம்தான். தள்ளுபடி அறிவித்தால் அது எல்லாருக்கும் பொது, ஆள் பிடித்து வாங்க வேண்டியதில்லை. அடையாள அட்டையின் படத்தையோ மைஜேபிஜே கடவுச்சொல்லையோ அவரிடம் கொடுக்கவே கொடுக்காதீர்கள். சம்மன் பார்க்க என்று வாட்ஸ்அப்பில் ஏபிகே கோப்பு (கைப்பேசியில் செயலியை நிறுவும் கோப்பு) வந்தால் தொடாதீர்கள். அது உங்கள் வங்கிப் பணத்துக்கு வைத்த பொறி.

நீங்களே செய்யலாம். போலீஸ் சம்மன் ஒரு இடத்தில், ஜேபிஜே சம்மன் இன்னொரு இடத்தில். ஒரே நாடு, ஒரே சாலை, இரண்டு கணக்கு! போலீஸ் சம்மனை மைபாயார் பிடிஆர்எம் தளத்தில் பாருங்கள், ஜேபிஜே சம்மனை மைஜேபிஜே செயலியில் பாருங்கள். வண்டி எண்ணோடு அடையாள அட்டை எண்ணையும் போட்டுத் தேடுங்கள். என்றோ விற்றுப் பெயர் மாற்றாமல் விட்ட மோட்டார் சைக்கிளின் சம்மனும் உங்கள் பெயரில்தான் நிற்கும். கட்டி முடித்ததும் அதே மைஜேபிஜே செயலியிலோ அஞ்சலகத்திலோ புதுப்பியுங்கள். கட்டிய பிறகும் தடை விலகவில்லையா, ரசீதோடு பூடு சென்ட்ரலில் உள்ள யூடிசி அரசு சேவை மையத்துக்கோ வங்சா மாஜு ஜேபிஜேக்கோ போங்கள். அதுவரை காரை எடுக்காதீர்கள். அடுத்த ஆண்டு கடைசி நாள்வரை காத்திருக்க வேண்டாம், 2 மாதம் முன்னதாகவே புதுப்பிக்கலாம்.

அப்பாவின் கார் வேறு விஷயம். நம் வீடுகளில் அதிகம் நடப்பதால் இதை விரிவாகச் சொல்கிறேன். அவர் பெயரிலேயே காப்புறுதி எடுத்து ஓட்டிக்கொண்டிருக்கலாம் என்று சிலர் யோசனை சொல்வார்கள். கேட்காதீர்கள். காப்புறுதி ஓர் ஒப்பந்தம், காலமானவர் ஒப்பந்தம் செய்ய முடியாது. பிரீமியம் கட்டும்போது யாரும் கேட்க மாட்டார்கள், விபத்து நடந்து இழப்பீடு கேட்கும்போதுதான் கேள்வி எழும். அப்போது மாட்டிக்கொள்வது வண்டியை ஓட்டிய பிள்ளை. அதனால் முதலில் வாரிசு உத்தரவு வாங்க வேண்டும். உயில் இல்லாமல், கார், வங்கிச் சேமிப்பு போன்ற அசையும் சொத்து மட்டும் 6 லட்சம் வெள்ளிக்குள் இருந்தால் அரசின் அறங்காவல் நிறுவனமான அமானா ராயாவில் விண்ணப்பிக்கலாம். வீடோ நிலமோ இருந்தால் நில அலுவலகத்தில் கேளுங்கள். இறப்புச் சான்றிதழ், கெரான், வாரிசுகள் எல்லாருடைய அடையாள அட்டை நகல் ஆகிய மூன்றையும் இப்போதே எடுத்து வையுங்கள். அக்கா தங்கைகளின் சம்மதத்தையும் இப்போதே பேசி வாங்குங்கள், பல குடும்பங்களில் தாமதம் அங்கேதான். உத்தரவு கைக்கு வந்ததும் ஜேபிஜேயில் பெயர் மாற்றம், பிறகு உங்கள் பெயரில் காப்புறுதி, அதன் பிறகே ரோட் டெக்ஸ்.